பதியாத பத்திரமும் ஐம்பது வருட அனுபோகமும்: மலைத் தோட்டத்தை உங்கள் பெயருக்குக் கொண்டுவரும் வழி

கொடைக்கானல் மலையில் பண்ணைக்காட்டுப் பக்கம் எங்களுக்கு இரண்டேகால் ஏக்கர் காபித் தோட்டம் இருக்கிறது. 1973இல் தாத்தா வாங்கியது. அதற்கு ஆதாரமாக எங்களிடம் இருந்தது ஒரே ஒரு பத்திரம். மிளகு மூட்டை அடுக்கும் பரணில், தகர டப்பாவுக்குள் பாட்டி வைத்திருந்தார். கைரேகை, இரண்டு சாட்சிகளின் கையெழுத்து, நான்கு எல்லை எல்லாம் அதில் இருந்தன. பதிவு எண் மட்டும் இல்லை. பதிவு அலுவலகம் போய்வர ஒரு நாள் வேலை கெடும், ஊரறியப் பணம் கொடுத்தாயிற்று, அது போதும் என்று அக்காலத்தில் பலரும் விட்டுவிட்டார்கள்.

அப்பா இறந்த பிறகு பட்டாவை மாற்றலாம் என்று போனபோதுதான், பட்டா இன்னும் விற்றவரின் பிள்ளைகள் பெயரில் இருப்பது தெரிந்தது. அதிலிருந்து பதிவு செய்த கிரயப் பத்திரம் கைக்கு வரப் பதினாறு மாதம் ஆயிற்று. அதில் பாதி மாதங்கள் தவறான கதவைத் தட்டியதில் போயின. கீழ்மலையில் தாண்டிக்குடி, பூலத்தூர் பக்கமோ, மேல்மலையில் பூம்பாறை, மன்னவனூர் பக்கமோ இதே நிலையில் இருப்பவர்கள் அந்தப் பாதியையாவது மிச்சம் பிடிக்கட்டும் என்றுதான் இதை எழுதுகிறேன். நான் வக்கீல் இல்லை. கீழே உள்ளதைப் படித்துவிட்டுப் போனால் வக்கீலிடம் சரியான கேள்வியைக் கேட்க முடியும்.

1. பத்திரத்தை எடுங்கள், வினைச்சொல்லைப் படியுங்கள்

நான் இதைச் செய்யவே இல்லை. பத்திரத்தைத் தூக்கிக்கொண்டு நேராகத் தாலுகா அலுவலகம் போனேன். உங்கள் வழக்கின் தலையெழுத்து அந்தத் தாளில் உள்ள ஒரு வினைச்சொல்லில் இருக்கிறது.

“இன்ன தொகை பெற்றுக்கொண்டு சுத்தக் கிரயம் செய்து சுவாதீனத்தில் விட்டுவிட்டேன்” என்று இருந்தால் அது கிரயம். 100 ரூபாய்க்கு மேற்பட்ட அசையாச் சொத்தின் கிரயம் பதிவு செய்தால்தான் செல்லும் என்று 1882ஆம் ஆண்டு சொத்து மாற்றுச் சட்டம் சொல்வதால், அந்தத் தாள் உங்களுக்கு உரிமையைத் தராது. ஆனால் விற்றவர் நிலத்தை முழுதாகக் கைவிட்டார், வாங்கியவர் அன்றுமுதல் தன் சொத்தாகவே அனுபவித்தார் என்பதை அது காட்டும். எதிரிடை அனுபோகம், அதாவது பிறர் பெயரில் உள்ள நிலத்தை நீண்ட காலம் வெளிப்படையாகத் தன்னுடையதாகவே அனுபவித்ததை வைத்து உரிமை கோருவதற்கு அடித்தளம் இதுதான்.

“கிரயம் செய்து தருவதாக ஒப்புக்கொள்கிறேன்” என்று இருந்தால் அது வெறும் கிரய ஒப்பந்தம். அதன்படி நீங்கள் நிலத்தில் இருப்பது விற்றவரின் அனுமதியோடு இருப்பதாகவே கருதப்படும். எத்தனை வருடம் ஆனாலும் அது தானாக எதிரிடை அனுபோகம் ஆகாது. கிரயத்துக்கும் ஒப்பந்தத்துக்கும் உள்ள இந்த வேறுபாட்டை உச்ச நீதிமன்றம் 1990இலேயே தெளிவாகச் சொல்லிவிட்டது. ஒப்பந்தத்தை நிறைவேற்றித் தரக் கோரி வழக்குப் போடவும் பொதுவாக 3 ஆண்டுதான் கெடு. ஒரே ஒரு ஆறுதல் உண்டு. 2001 செப்டம்பர் 24க்கு முன் எழுதிய ஒப்பந்தமாக இருந்து, அதன்படி நிலத்தைக் கையில் பெற்று, உங்கள் பங்குக்கு நிறைவேற்ற வேண்டியதைச் செய்திருந்தால், விற்றவர் தரப்பு உங்களை வெளியேற்ற வரும்போது அதைக் கேடயமாகப் பிடிக்கலாம். அந்தத் தேதிக்குப் பிந்தைய ஒப்பந்தம் என்றால், பதிவாகாத வரை அந்தக் கேடயமும் இல்லை.

அண்ணன் தம்பிகள் எழுதிக்கொண்ட கூர்ச்சீட்டிலும் இதே இலக்கணம்தான். “ஏற்கெனவே வாய்மொழியாகப் பிரித்து அனுபவித்துவருகிறோம், நினைவுக்காக எழுதிவைக்கிறோம்” என்றால் பதிவு தேவையில்லை, நீதிமன்றம் ஏற்கும். “இன்று இவ்விதமாகப் பிரித்துக்கொள்கிறோம்” என்றால் அது பாகப்பிரிவினைப் பத்திரம். பதிவாகாவிட்டால் பிரிவினைக்குச் சாட்சியம் ஆகாது.

உயிலாக இருந்தால் கவலை குறைவு. உயிலைப் பதிவு செய்தே ஆகவேண்டும் என்ற கட்டாயம் இல்லை. கையெழுத்திட்ட சாட்சிகளில் ஒருவராவது உயிரோடு இருந்தால் அவருடைய முகவரியை இன்றே குறித்துவையுங்கள்.

இன்னும் இரண்டு விஷயம். நோட்டரி முத்திரை என்பது பதிவு அல்ல. பத்திரம் நைந்துபோகிறதே என்று லேமினேட் செய்துவிடாதீர்கள். கையெழுத்தையும் மையையும் பரிசோதிக்க வேண்டிய நிலை வந்தால் அந்தப் பிளாஸ்டிக் உறையே எதிரி ஆகிவிடும். எங்கள் பக்கத்துத் தோட்டக்காரர் ஒருவர் அப்படிச் செய்துவிட்டு இன்றும் புலம்புகிறார்.

2. பழைய பத்திரத்தை இப்போது பதியலாமா என்று கேட்டு நேரத்தை வீணாக்காதீர்கள்

முடியாது. எழுதிய நாளிலிருந்து 4 மாதத்துக்குள் பதிவுக்குக் கொடுக்க வேண்டும். தவறினால் அபராதத்தோடு இன்னும் 4 மாதம். அதற்குப் பிறகு அந்தத் தாள் பதிவுக்கு லாயக்கற்றது. “அபராதம் கட்டிப் பதிந்துவிடலாம், தெரிந்த ஆள் இருக்கிறார்” என்று ஒரு தரகர் என்னிடம் 15,000 ரூபாய் முன்பணம் கேட்டார். நல்லவேளையாக அன்றைக்குக் கையில் பணம் இல்லை. பழைய தேதி போட்ட முத்திரைத்தாள் வாங்கித் தருகிறேன் என்பவர்களும் உண்டு. அது போலி ஆவணக் குற்றம். நாளைக்கு நீதிமன்றத்தில் முத்திரைத்தாள் விற்பனையாளரின் பதிவேட்டை வரவழைத்தால், உங்களிடம் இருக்கும் உண்மையான ஐம்பது வருட அனுபோகமும் சேர்ந்து பொய்யாகிவிடும்.

3. அரசாங்கக் கணக்கில் அந்த நிலம் என்னவாக இருக்கிறது?

தமிழக அரசின் மின்சேவை இணையதளத்தில் பட்டா, அ-பதிவேடு (ஒவ்வொரு சர்வே எண்ணும் என்ன வகை நிலம் என்று காட்டும் கிராமக் கணக்கு), புலப்படம் (நிலத்தின் அளவை வரைபடம்) மூன்றையும் வீட்டிலிருந்தே எடுக்கலாம். பத்திரத்தில் பழைய சர்வே எண்ணும் ஏக்கர், சென்ட் கணக்கும் இருக்கும். பட்டாவில் புதிய எண்ணும் ஹெக்டேர், ஏர்ஸ் கணக்கும் இருக்கும். ஒரு ஏர்ஸ் ஏறத்தாழ 2.47 சென்ட். எங்கள் 2 ஏக்கர் 25 சென்ட் பட்டாவில் 0.91.0 என்று இருந்தது. முதலில் பார்த்தபோது நிலம் பாதிக்கு மேல் காணாமல் போய்விட்டது என்று பதறினேன்.

அ-பதிவேட்டைத்தான் கவனமாகப் பார்க்க வேண்டும். கீழ்க்கண்டவற்றில் எதுவாக இருந்தாலும் இந்தக் கட்டுரையின் மற்ற படிகள் உங்களுக்குப் பொருந்தாது.

சர்க்கார் புறம்போக்கு, தீர்வை ஏற்பட்ட தரிசு: இதைத் தனியார் யாரும் உங்களுக்கு விற்றிருக்க முடியாது. அரசுக்கு எதிராக அனுபோகம் கோர 30 ஆண்டு வேண்டும். நடைமுறையில் அது மலையேறுவதை விடக் கடினம். பி மெமோ ரசீதுகளைச் சிலர் உரிமைப் பத்திரம்போலக் காட்டுகிறார்கள். ஆக்கிரமிப்பாளர் என்று அரசு எழுதிக் கொடுத்த தாள் அது.

காடு: பழங்குடியினரான பளியர்களுக்கும், மூன்று தலைமுறையாகக் காட்டை நம்பி வாழ்வோருக்கும் 2006ஆம் ஆண்டு வன உரிமைச் சட்டம் என்ற தனி வழி இருக்கிறது. அது கிராம சபையில் தொடங்கும். 2005 டிசம்பர் 13க்கு முன்பிருந்தே அனுபவித்துவந்ததைக் காட்ட வேண்டும். நீதிமன்றம் போக வேண்டியதில்லை.

பஞ்சமி நிலம், நிபந்தனைப் பட்டா, பூதான நிலம், கோயில் நிலம்: விற்றவருக்கே விற்கும் அதிகாரம் இருந்திருக்காது, அல்லது கட்டுப்பாட்டோடு இருந்திருக்கும். மேல்மலையில் கோயில் நிலங்களும் உண்டு. கோயில் சொத்தில் காலக்கெடுவைக் காட்டி உரிமை கோர முடியாது.

பட்டா நிலமாகவே இருந்தாலும், அந்த சர்வே எண் 1949ஆம் ஆண்டு தனியார் காடுகள் பாதுகாப்புச் சட்டத்தின் கீழ் அறிவிக்கப்பட்டதா என்று கேளுங்கள். அப்படியானால் ஆட்சியர் தலைமையிலான குழுவின் அனுமதி இல்லாமல் நடக்கும் விற்பனை செல்லாது. இது சமவெளி வக்கீல்கள் பலருக்கு நினைவில் இருக்காது. நீங்களே கேட்க வேண்டும்.

அடுத்து வில்லங்கச் சான்று. பதிவுத்துறை இணையதளத்தில் பெரும்பாலும் 1975க்குப் பிந்தைய விவரங்கள்தான் கிடைக்கும். அதற்கு முந்தையதற்கு சார்பதிவாளர் அலுவலகத்தில் தேடல் மனு போட வேண்டும். உங்கள் பதியாத பத்திரம் அதில் இருக்காது என்பது தெரிந்ததே. விற்றவரோ அவருடைய வாரிசுகளோ இடையில் வேறு யாருக்காவது அடமானம் வைத்தார்களா, விற்றார்களா என்பதுதான் நாம் தேடுவது. விற்றிருந்தாலும் உடனே மனம் தளர வேண்டாம். நிலத்தில் ஒருவர் குடியிருந்து பயிர் செய்துகொண்டிருப்பதே வாங்க வருபவருக்கு ஓர் அறிவிப்பு என்கிறது சட்டம். “எனக்குத் தெரியாது” என்று அவர் எளிதில் தப்ப முடியாது.

4. வருடத்துக்கு ஒரு தாள் என்று கணக்குப் போடுங்கள்

உங்கள் உழைப்பில் பெரும்பகுதி இங்கேதான். நாற்பது பக்க நோட்டு ஒன்றை வாங்கினேன். 1973 முதல் ஒவ்வொரு வருடத்துக்கும் ஒரு வரி. அந்த வருடம் தோட்டம் எங்கள் கையில் இருந்தது என்பதற்கு எந்தத் தாள் இருக்கிறது என்று அந்த வரியில் எழுதிவந்தேன். காலியான வரிகளை நிரப்பத்தான் மாதக்கணக்கில் அலைச்சல்.

முதலில் அடங்கல். கிராம நிர்வாக அலுவலர் ஒவ்வொரு பசலிக்கும் (ஜூலை முதல் ஜூன் வரையான வருவாய்த்துறை ஆண்டு) யார் என்ன பயிர் செய்தார் என்று எழுதிய கணக்கு. ஆங்கில ஆண்டில் 590 கழித்தால் பசலி. 1983 ஜூலை முதல் 1984 ஜூன் வரை பசலி 1393. மனுவில் பசலியைத்தான் எழுத வேண்டும். ஆண்டை எழுதினால் “விவரம் தெளிவில்லை” என்று திரும்பிவரும். எனக்கு வந்தது. பழைய அடங்கல்கள் தாலுகா ஆவண அறையில் இல்லை என்றால், 10 ரூபாய் கோர்ட் பீஸ் வில்லை ஒட்டித் தகவல் உரிமை மனு போடுங்கள். 30 நாளில் எழுத்தில் பதில் வரும். “இல்லை” என்ற பதிலும் ஒரு பதில்தான், நீதிமன்றத்தில் பயன்படும். திண்டுக்கல் மாவட்டம் மதுரையிலிருந்து 1985இல்தான் பிரிந்தது. அதற்கு முந்தைய கோப்புகளைத் தேடும்போது மதுரையையும் மறக்காதீர்கள். 1979 முதல் 1987 வரை நடந்த யுடிஆர் என்ற நிலப் பதிவேட்டைப் புதுப்பிக்கும் பணியில்தான் பல பட்டாக்கள் பிழையாக ஏறின. அதற்கு முந்தைய பதிவேட்டின் நகலும் கேளுங்கள்.

தீர்வை (நிலவரி) ரசீதுகள் அடுத்தவை. எங்கள் வீட்டில் 1978 முதல் 1996 வரை தொடர்ச்சியாக இருந்தன. பட்டா அவர்கள் பெயரில் இருந்ததால் ரசீதும் அவர்கள் பெயரில். ஆனால் கீழே “கட்டியவர்” என்று தாத்தாவின் பெயர் சின்ன எழுத்தில். இந்தச் சின்ன எழுத்து எங்களுக்குப் பெரிய பலமாக அமைந்தது.

இனி, மலைக்கே உரிய தாள்கள். இவற்றை யாரும் சொல்ல மாட்டார்கள். காபி வாரியத்தின் மானிய மனுக்கள், தொடக்க வேளாண்மைக் கூட்டுறவுக் கடன் சங்கத்தின் பயிர்க்கடன் பேரேடு, பம்புசெட் மின் இணைப்புக் கோப்பு, வத்தலக்குண்டு, ஒட்டன்சத்திரம் கமிஷன் மண்டிகளில் மலைவாழைக்கும் ஆரஞ்சுக்கும் தந்த சீட்டுகள். நிழல் மரமான சில்வர் ஓக்கை வெட்ட மலைப்பகுதி மரப் பாதுகாப்புச் சட்டப்படி அனுமதி கேட்டிருந்தால், அந்தக் கோப்பில் இடத்தை ஆய்வு செய்த குறிப்பே இருக்கும்.

எங்களைக் காப்பாற்றியது காட்டுமாடு. 2004இல் காட்டுமாடுகள் வேலியை உடைத்துக்கொண்டு வந்து வாழையைத் துவைத்துப்போட்டன. அப்பா வனத்துறையிடம் இழப்பீடு கேட்டார். கிடைத்த தொகை சொற்பம், அந்த வருடம் முழுக்க அப்பா திட்டிக்கொண்டே இருந்தார். இருபது வருடம் கழித்து அந்தக் கோப்பின் நகலை வாங்கினேன். சர்வே எண், பரப்பு, “மேற்படியாரின் அனுபவத்தில் உள்ள தோட்டம்” என்று கள ஆய்வு செய்தவரின் கையெழுத்தோடு. நமக்குச் சம்பந்தமில்லாத ஒரு துறை, வழக்கு வரும் என்று யாரும் நினைக்காத காலத்தில் எழுதிய வாக்கியம் அது. வழக்கு வந்த பிறகு வாங்கும் பத்துச் சான்றிதழ்கள் அதன் பக்கத்தில் நிற்காது.

அதனால்தான் சொல்கிறேன். இன்றைக்குப் போய்க் கிராம நிர்வாக அலுவலரிடம் வாங்கும் “அனுபவச் சான்று” ஒன்றை மட்டும் நம்பி உட்காராதீர்கள். அடங்கல் இல்லாத அனுபவச் சான்றுக்கு எடை குறைவு.

பக்கத்துத் தோட்டங்களின் பதிவு செய்த பத்திரங்களுக்கு நகல் மனு போடுங்கள். கிழக்குத் தோட்டத்தின் 1988ஆம் ஆண்டுக் கிரயத்தில் “மேற்கு எல்லை: இன்னார் காபித் தோட்டம்” என்று எங்கள் தாத்தாவின் பெயர் இருந்தது. பிறருடைய பத்திரத்தில் வரும் எல்லைக் குறிப்பை நீதிமன்றம் அப்படியே ஏற்றுக்கொள்ளாது என்று வக்கீல் எச்சரித்தார். ஆனால் அந்தப் பத்திரத்தை எழுதிக்கொடுத்தவர் உயிரோடு இருந்தார், சாட்சி சொல்லவும் சம்மதித்தார். பேச்சுவார்த்தையில் அந்தத் தாளை மேசைமேல் வைத்தபோது எதிர்த்தரப்பின் குரல் இறங்கியதை நானே பார்த்தேன்.

நகல்கள், மனுக்கள், பஸ் செலவு எல்லாம் சேர்த்து இந்தப் படிக்கு எனக்கு ஏறத்தாழ 6,500 ரூபாயும் ஐந்து மாதமும் ஆயின.

5. விற்றவரின் வாரிசுகளைத் தேடிப் போங்கள்

நீதிமன்றத்துக்கு முன் இதைச் செய்யுங்கள். இதைத் தள்ளிப்போட்டதுதான் என் பெரிய தவறு. தாலுகா அலுவலகத்தில் மனுமேல் மனு போட்டுக்கொண்டிருந்தேன். பதியாத கிரயத்தை வைத்துத் தாசில்தார் பட்டா மாற்ற மாட்டார். பதிவு செய்த பத்திரம், வாரிசுரிமை, நீதிமன்றத் தீர்ப்பு ஆகியவற்றின்படிதான் பட்டா மாறும். விற்றவரின் வாரிசுகள் புதிதாக ஒரு கிரயப் பத்திரம் எழுதிக்கொடுத்தால் எல்லாம் முடிந்தது.

வாரிசுகள் என்றால் பட்டாவில் பெயர் உள்ள ஆண்கள் மட்டும் அல்ல. விற்றவரின் மகள்கள், இறந்த மகனின் மனைவி, பிள்ளைகள் அனைவரும். வாரிசுச் சான்று இல்லாமல் ஒரு ரூபாயும் முன்பணம் கொடுக்காதீர்கள். எங்கள் விஷயத்தில் ஏழு பேர். நான்கு பேர் ஊரிலேயே, இருவர் திருப்பூரில், மூத்த மகள் போடியில். திருப்பூர்க்காரர்கள் “இப்போதைய விலை என்ன தெரியுமா?” என்று ஆரம்பித்தார்கள். ஊரில் இருந்தவர்கள் அவர்களைப் பார்த்துத் தயங்கினார்கள்.

போடியில் அந்த அம்மாளுக்கு எழுபத்தெட்டு வயது. பத்திரத்தின் நகலை நீட்டினேன். படிக்கத் தெரியாது. கைரேகை இருந்த இடத்தை மட்டும் விரலால் தடவிப் பார்த்தார். “எங்கள் ஐயா விற்றது எனக்குத் தெரியும் தம்பி. அந்தப் பணத்தில்தான் என் கல்யாணத்துக்குத் தோடு எடுத்தார்” என்றார். அன்றைக்கே தம்பிகளுக்குப் போன் செய்தார். பிறகு திருப்பூரிலிருந்து விலைப் பேச்சு வரவில்லை. ஆளுக்கு ஒரு தொகை கைச்செலவாகக் கொடுத்தோம். ஏழு பேருக்கும் சேர்த்து 1,40,000 ரூபாய். அநியாயம் என்று உறவினர்கள் சொன்னார்கள். வழக்குச் செலவோடு ஒப்பிட்டால் அது லாபம் என்று நான் நினைக்கிறேன். முதலில் யாரிடம் போவது என்று யோசிக்கும்போது, விற்பனை நடந்ததைக் கண்ணால் பார்த்த மூத்தவரிடமே போங்கள்.

வாரிசுகளில் மைனர் இருந்தால் அவருடைய பங்கைத் தாயோ தந்தையோ தாமாக விற்க முடியாது, நீதிமன்ற அனுமதி வேண்டும். அதற்குத் தனியாகச் சில மாதம் ஒதுக்குங்கள். நம் பக்க வாரிசுகளையும் மறக்கக் கூடாது. பத்திரத்தை அம்மா பெயரில் எழுதுவதற்குச் சம்மதம் தெரிவித்து என் அத்தையும் கையெழுத்திட்டார். கேட்காமல் விட்டிருந்தால் நாளை அதுவே ஒரு வழக்கு.

6. பதிவுச் செலவும் பதிவு நாளும்

“கிரயம் வேண்டாம், விடுதலைப் பத்திரமாக எழுதினால் செலவு குறைவு” என்று பத்திர எழுத்தர் ஒருவர் சொன்னார். விடுதலை என்பது ஏற்கெனவே பங்கு உள்ளவர், இன்னொரு பங்குதாரருக்காகத் தன் பங்கை விடுவது. நமக்கு அந்த நிலத்தில் பதிவான பங்கு எதுவும் இல்லையே! குடும்பத்தினருக்கு உள்ள கட்டணச் சலுகையும் அந்நியருக்குப் பொருந்தாது. கிரயமாகவே எழுதுங்கள்.

முத்திரைத் தீர்வை 7 சதவீதம், பதிவுக் கட்டணம் 2 சதவீதம். இது நீங்கள் கொடுத்த தொகைக்கு அல்ல, அரசு நிர்ணயித்த வழிகாட்டி மதிப்பு அதிகமாக இருந்தால் அதற்கு. வழிகாட்டி மதிப்பு மொத்தம் 9 லட்சம் என்று வைத்துக்கொண்டால் 63,000 மற்றும் 18,000, ஆக 81,000 ரூபாய். 2025 ஏப்ரல் முதல், 10 லட்சம் வரை மதிப்புள்ள சொத்தைப் பெண் பெயரில் பதிந்தால் பதிவுக் கட்டணத்தில் 1 சதவீதம் குறைகிறது. அம்மா பெயரில் எழுதியதற்கு இதுவும் ஒரு காரணம்.

பத்திரத்தில் ஒரு பத்தியைக் கேட்டு எழுதச் சொல்லுங்கள். 1973இல் தங்கள் தந்தை முழுத் தொகையும் பெற்றுக்கொண்டு நிலத்தைச் சுவாதீனம் செய்தார், அன்றுமுதல் இன்னார் குடும்பமே அனுபவித்துவருகிறது என்று அவர்கள் ஒப்புக்கொள்ளும் பத்தி. விட்டுப்போன எட்டாவது வாரிசு ஒருவர் பிறகு முளைத்தாலும், அந்தப் பத்தி உங்கள் பக்கம் பேசும்.

நிலத்தின் புகைப்படத்தை அமைவிடக் குறியீட்டோடு இணைக்க வேண்டும். தோட்டத்தில் சிக்னல் இல்லாவிட்டால் முதல் நாளே போய் எடுத்துவையுங்கள். எல்லோருடைய ஆதார் அட்டை, இரண்டு சாட்சிகளின் அடையாள அட்டை, வாரிசுச் சான்று, இறப்புச் சான்று, வில்லங்கச் சான்று எல்லாம் அசலாக. கீழேயிருந்து வேனில் வருபவர்கள் கொடைக்கானலுக்குள் நுழைய இ-பாஸ் எடுக்க வேண்டும். பணம் கிடையாது, ஆனால் மறந்துவிட்டால் சோதனைச் சாவடியில் நின்றுகொண்டு போனைத் தட்ட வேண்டியிருக்கும். மூத்தவர்களை வாந்தி மாத்திரையோடு அழைத்து வாருங்கள். எங்கள் டோக்கன் நேரம் பதினொன்றரை. பெருமாள்மலையில் ஒரு நிறுத்தம், ஒரு எலுமிச்சம்பழம், முக்கால் மணி நேரத் தாமதம்.

7. வாரிசுகள் மறுத்தால்

அப்போது நீதிமன்றம்தான். உரிமையை அறிவிக்கக் கோரும் விளம்புகை வழக்கும், தலையிடாதிருக்க உறுத்துக்கட்டளையும் சேர்த்துப் போட வேண்டும். பட்டா அவர்கள் பெயரில் இருந்து, உங்கள் உரிமையையே அவர்கள் மறுக்கும்போது வெறும் உறுத்துக்கட்டளை வழக்கு நிற்காது. உச்ச நீதிமன்றம் 2008இல் இதை விரிவாகச் சொல்லியிருக்கிறது. செலவைக் குறைக்க உறுத்துக்கட்டளை மட்டும் போட்டு, ஆறு வருடம் கழித்துத் தோற்று, மறுபடி தொடங்கியவர் ஒருவர் எங்கள் ஊரில் இருக்கிறார். நீதிமன்றக் கட்டணம் 2017இல் 7.5 சதவீதத்திலிருந்து 3 சதவீதமாகக் குறைந்துவிட்டது. இத்தகைய வழக்கில் சந்தை மதிப்பில் பாதிக்குத்தான் கணக்கு. 9 லட்சம் என்றால் 13,500 ரூபாய்.

பதியாத கிரயத்தைத் தாக்கல் செய்யும்போது, முத்திரைத் தீர்வை போதவில்லை என்றால் அது எந்த நோக்கத்துக்கும் ஏற்கப்படாது. குறைவுத் தீர்வையும் அதன் பத்து மடங்கு வரை அபராதமும் கட்ட வேண்டும். “பத்து மடங்கு” என்றதும் பயப்பட வேண்டாம். எழுதிய நாளில் இருந்த விகிதப்படிதான் கணக்கு. 3,200 ரூபாய்க்கு எழுதிய எங்கள் பத்திரத்தில் அது பெரிய தொகை ஆகாது என்று வக்கீல் சொன்னார். கட்டிய பிறகு, உரிமையைக் காட்ட அல்ல, அனுபோகம் எப்போது, எந்தத் தன்மையில் தொடங்கியது என்று காட்ட அதைப் பயன்படுத்தலாம். 30 ஆண்டு பழைய அசல் ஆவணம் இயல்பாக இருக்க வேண்டிய இடத்திலிருந்து வந்தால், கையெழுத்துகள் உண்மையானவை என்று நீதிமன்றம் அனுமானிக்கலாம். சாட்சிகள் இறந்துபோன எங்களைப் போன்றவர்களுக்கு இது பெரிய உதவி. 2024 ஜூலையில் வந்த புதிய சாட்சியச் சட்டத்திலும் இது தொடர்கிறது.

எதிரிடை அனுபோகத்துக்குத் தனியார் நிலத்தில் 12 ஆண்டு. அதைத் தற்காப்பாக மட்டும் அல்ல, வாதியாகவும் கோரலாம் என்று 2019இல் உச்ச நீதிமன்றம் உறுதி செய்தது. ஆனால் “பல வருடமாக இருக்கிறோம்” என்று மொட்டையாக எழுதினால் போதாது. எந்தத் தேதியிலிருந்து, யாருக்குத் தெரிய, எப்படி வெளிப்படையாக என்று மனுவிலேயே இருக்க வேண்டும். உங்கள் நோட்டை வக்கீலிடம் கொடுங்கள். குத்தகைக்கு இருந்தவர், பார்த்துக்கொள்ளச் சொல்லி விடப்பட்டவர், அண்ணன் பங்கையும் சேர்த்துப் பயிர் செய்த தம்பி ஆகியோருக்கு வருடக்கணக்கு மட்டும் உதவாது.

வழக்கு நடக்கும்போதே எதிர்த்தரப்பு இறங்கிவந்தால் மக்கள் நீதிமன்றத்தில் முடித்துக்கொள்ளலாம். அங்கே கிடைக்கும் தீர்ப்புக்கு மேல்முறையீடு கிடையாது, கட்டிய நீதிமன்றக் கட்டணமும் திரும்பக் கிடைக்கும்.

8. பட்டா, அளவை, கல்

பத்திரம் பதிவானதும் பட்டா மாற்றத்துக்கு விண்ணப்பியுங்கள். பொதுச் சேவை மையத்தில் 60 ரூபாய். சர்வே எண் முழுவதும் உங்களுடையதானால் விரைவாக மாறிவிடும். எங்களுடையது கூட்டுப் பட்டா, ஆகவே உட்பிரிவு தேவைப்பட்டது. அதற்கு ஊரகப் பகுதியில் உட்பிரிவு ஒன்றுக்கு 400 ரூபாய். 30 நாள் என்று எழுதியிருக்கும். மழைக்காலத்தில் விண்ணப்பித்த எங்களுக்கு மூன்றரை மாதம். சர்வேயர் வரும் நாளில் நான்கு பக்கத் தோட்டக்காரர்களையும் அழைத்துவிடுங்கள், புதரையும் முன்பே வெட்டிவையுங்கள். எங்கள் வடமேற்கு மூலைக் கல் லண்டானாப் புதருக்குள் அரை நாள் ஒளிந்திருந்தது. மனு நிராகரிக்கப்பட்டால் கோட்டாட்சியரிடம் மேல்முறையீடு, அதற்கு மேல் மாவட்ட வருவாய் அலுவலர். நிராகரித்த உத்தரவை எழுத்தில் வாங்காமல் அலுவலகத்தை விட்டு வராதீர்கள்.

புதிய பட்டா வந்ததும் அந்தப் பசலிக்கான அடங்கலிலும் உங்கள் பெயர் ஏறியிருக்கிறதா என்று பாருங்கள். எங்கள் பட்டாவில் பெயர் மாறியது. அடங்கலில் மட்டும் இன்னும் போடி அம்மாளின் தம்பி பெயரில் காபி விளைந்துகொண்டிருந்தது. அடுத்த ஜமாபந்தியில் (வருடாந்திர வருவாய்க் கணக்குத் தணிக்கை முகாம்) மனு கொடுத்துத்தான் அதைத் திருத்தினோம்.